அஷ்டமியில் கை நீட்டாதவர்

அன்றைக்கு அந்தக் கோர்ட் அறையில் இருந்தவர்கள் இவர்கள்தான். மேடைமேல் நீதிபதி அம்மா. அவருக்குக் கீழே பெஞ்ச் கிளார்க். பக்கத்தில் டைப் அடிக்கிற பெண். வாசலில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுகிற டவாலிக்காரர். என் வக்கீல். எங்கள் கடைக் கட்டடத்தின் ஓனர். அவருடைய வக்கீல். அவருடைய மருமகன். என் கணவர். நான். அடுத்த கேஸுக்காகக் காத்திருந்த இரண்டு பேர். அந்த இரண்டு பேரில் ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார்.

வேறு யாரும் இல்லை. இதை ஏன் முதலிலேயே எழுதுகிறேன் என்றால், இப்போது எங்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் "அன்னிக்கு நானும் அங்கதான் இருந்தேன்" என்கிறார்கள். அயர்ன் கடைக்காரர் இருந்தாராம். தண்ணீர் கேன் போடுகிறவர் கதவோரம் நின்றாராம். பக்கத்துக் கடை பாய் நீதிபதி அம்மாவின் குரலிலேயே பேசிக் காட்டுகிறார். அவர் அந்த நேரத்தில் பள்ளிவாசலில் இருந்தார். நல்லது நடந்துவிட்டால் சாட்சிக்குப் பஞ்சமே இல்லை. நடக்கிறதுக்கு முன்னால் துணைக்கு வாருங்கள் என்று கேட்டபோது ஒவ்வொருவருக்கும் ஒரு கல்யாணம், ஒரு காதுகுத்து.

எனக்கு இட்லி மாவுக் கடை. அயனம்பாக்கம் ஏரிக்குப் போகிற சாலையில், மூன்று கடை சேர்ந்த ஒரு கட்டடத்தில் நடுக்கடை. ஒரு பக்கம் பாயின் மெத்தைக் கடை. இன்னொரு பக்கம் செல்போன் ரீசார்ஜ் கடை, அது பாதி நாள் மூடியிருக்கும். மாடியில் ஓனர் குடியிருக்கிறார். சுற்றிலும் அடுக்குமாடி. மதுரை, கோவில்பட்டி, சேலம் என்று எங்கெங்கிருந்தோ வந்து கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறவர்கள். அவர்கள் வீட்டில் கிரைண்டர் இருக்கிறது, அதன்மேல் செடித்தொட்டி இருக்கிறது. மாவு என் கடையிலிருந்துதான் போகிறது.

எட்டாவதோடு நின்றவள் நான். கணக்கு மட்டும் வரும், கவலை அதைவிட நன்றாக வரும். கடையைப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போய் மறுபடி வந்து பூட்டை இழுத்துப் பார்ப்பேன். கிரைண்டர் மெயினை அணைத்தேனா என்று பாதிச் சாப்பாட்டில் எழுந்திருப்பேன். என் கணவர், "நீ கவலப்படறதுக்கே ஒரு ஆள வேலைக்கு வெக்கலாம்" என்பார். வைக்கலாம்தான். ஆனால் அந்த ஆள் சரியாகக் கவலைப்படுகிறாளா என்று நான்தானே பார்க்க வேண்டும்?

கடை எனக்கு வெறும் நான்கு சுவர் இல்லை. அங்கே த்ரீ ஃபேஸ் லைன் இருக்கிறது. அது இல்லாமல் பெரிய கிரைண்டர் ஓடாது. அரிசி கழுவுகிற தண்ணீர் போக வழி இருக்கிறது. இந்த இரண்டும் சேர்ந்து இருக்கிற கடை அந்தச் சுற்று வட்டாரத்தில் வேறு கிடையாது, நான் தேடியிருக்கிறேன். ஆவடி வரைக்கும் போய்ப் பார்த்தேன். வெள்ளானூரில் ஒருத்தர் காட்டின கடையில் லைன் இருந்தது, தண்ணீர் போக வழியில்லை. இன்னொன்றில் வழி இருந்தது, ஜனம் இல்லை. அந்தக் கடையை விட்டால் எனக்குத் தொழில் இல்லை. அவ்வளவுதான் விஷயம்.

ஓனரைப் பற்றிச் சொல்ல வேண்டும். ரிடையர்டு ஆபீசர். நிலம் சல்லிசாகக் கிடைத்த காலத்தில் வாங்கிப் போட்டுக் கட்டினவர். நெற்றி நிறைய விபூதி, சட்டைப் பையில் பாக்கெட் பஞ்சாங்கம். மற்றவர்கள் பேனா வைக்கிற இடத்தில் அவர் பஞ்சாங்கம் வைப்பார். மோட்டார் போடுவதற்கும் எடுத்துப் பார்ப்பார், முடி வெட்டிக்கொள்ளவும் எடுத்துப் பார்ப்பார். இந்த மனிதர் ஆபீசில் எப்படி வேலை பார்த்தார் என்று எனக்கு ரொம்ப நாளாகச் சந்தேகம். ராகு காலத்தில் ஃபைல் வந்தால் கண்ணை மூடிக்கொண்டாரோ என்னவோ.

வாடகை மாதம் ஐந்தாம் தேதி. கையில்தான் கொடுக்க வேண்டும். பாங்கில் போடுகிறேன் என்றால், "லட்சுமிய கண்ணால பாத்து வாங்கணும்மா" என்பார். ரசீது கேட்டால், "நமக்குள்ள என்னம்மா ரசீது" என்பார். ஐந்தாம் தேதி அஷ்டமியாக இருந்தால் வாங்கமாட்டார். நவமி என்றாலும் வாங்கமாட்டார். கரிநாள் என்றால் மாடிப்படியில் கால் வைக்கவே விடமாட்டார். மேலேயிருந்தே கையை ஆட்டுவார், காக்காயை விரட்டுகிற மாதிரி. "இன்னிக்கு வேணாம், நாளன்னிக்கி வாங்க."

சரி, அவர்தான் அப்படி என்றால் என் வீட்டில் ஒருத்தர். செவ்வாய், வெள்ளி இரண்டு நாளும் கையைவிட்டுக் காசு வெளியே போகக் கூடாது. போனால் திரும்பி வராதாம். மற்ற நாளில் போனது மட்டும் திரும்பி வந்த மாதிரி. ஆக, அவர் வாங்காத நாள் ஒரு பக்கம், இவர் கொடுக்காத நாள் ஒரு பக்கம். நடுவில் நான் பணத்தை மஞ்சள் பையில் சுற்றி வைத்துக்கொண்டு, எலி கடித்துவிடுமோ என்று காவல் காப்பேன். இரண்டு ஆண்களும் லட்சுமியை மதிக்கிறார்களாம்.

ஒரு வருஷம் மழையில் தெருவுக்குள் தண்ணீர் வந்தது. கடைக்குள் முழங்கால் அளவு. இரண்டு கிரைண்டர் மோட்டாரிலும் காயில், அதாவது உள்ளே இருக்கிற கம்பிச் சுருள், எரிந்து போனது. நனைந்த அரிசி மூட்டையிலிருந்து வந்த நாற்றம் இன்னும் என் மூக்கில் இருக்கிறது. கடையைச் சுத்தம் செய்து, மோட்டாருக்குக் காயில் கட்டி, மறுபடி ஓட்ட இரண்டு மாதம் ஆனது. அதற்குப் பிறகும் மூன்று மாதம் வியாபாரம் நொண்டியடித்தது. அப்போது ஓனர் மாடியிலிருந்து இறங்கி வந்து, செருப்பு நனையாமல் ஒரு செங்கல்மேல் நின்றுகொண்டு சொன்னார்:

"பயப்படாதீங்கம்மா. உங்க அட்வான்ஸ் எங்கிட்ட கெடக்கு. வாடகைக்கு என்ன அவசரம்? கடை மொதல்ல ஓடட்டும்."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அந்தக் கண்ணீரை இப்போது நினைத்தால் திருப்பி வாங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

இங்கே கடை எடுத்தவர்கள் எல்லோருமே அப்படித்தான் நினைக்கிறோம். அட்வான்ஸ் என்று பத்து மாத வாடகையைக் கொடுத்து வைத்திருக்கிறோம். கஷ்டம் என்று வந்தால் அதில் கழியும் என்று. ஒருத்தரும் ஒரு வக்கீலைக் கேட்டதில்லை. கேட்கவும் தோன்றாது. ஐந்து மாதம் ஓடியது. ஆறாவது மாத வாடகையை எடுத்துக்கொண்டு நான் நல்ல நாள் பார்த்து மேலே போனேன். அவர் வாங்கவில்லை. பஞ்சாங்கத்தைக்கூட எடுக்கவில்லை. மறுவாரம் வக்கீல் நோட்டீஸ் வந்தது, அதன் பின்னாலேயே கோர்ட் சம்மன்.

காரணம் கொஞ்ச நாளில் தெரிந்தது. பெரிய மருந்துக்கடைக் கம்பெனி ஒன்று மூன்று கடையையும் சேர்த்துக் கேட்டதாம். வாடகை இரண்டு மடங்கு, கண்ணாடிக் கதவு, ஏசி. மருமகன் செல்போனில் படம் காட்டிக்கொண்டு திரிந்தார். மாமனார் பஞ்சாங்கம் பார்ப்பார், மருமகன் செல்போன் பார்ப்பார். இரண்டு பேருக்கும் மனிதர் முகம் பார்த்து வழக்கமில்லை.

"மொதல்ல உன்ன தூக்குவாங்கோ, அடுத்தது நான்" என்றார் பாய், மெத்தைக்குள் பஞ்சைத் திணித்துக்கொண்டே. "ரீசார்ஜ் கடக்காரனுக்கு இன்னும் மேட்டரே தெரியாது. அவன் கடைய தொறந்தாத்தான சொல்றதுக்கு."

பூந்தமல்லியில் ஒரு வக்கீலைப் பிடித்தோம். அவருடைய ஆபீஸ் ஒரு பேக்கரிக்கு மேலே. பன் வாசனையில்தான் சட்டம் பேசுவார். நல்ல மனிதர்தான், ஆனால் நான் ஒரு கேள்வி கேட்டால் மூன்றாவது வார்த்தையிலேயே பதில் சொல்ல ஆரம்பித்துவிடுவார். மீதிக் கேள்வி என்ன என்று தெரிய வேண்டாம் அவருக்கு.

"அட்வான்ஸ் வேற, வாடகை வேறம்மா. அட்வான்ஸு நீங்க காலி பண்றப்போ திருப்பித் தர்றதுக்கு. அதுல கழிக்கலாம்னு உங்களுக்கு யார் சொன்னது?"

"ஓனர்தான் சார் சொன்னாரு."

"எழுதிக் குடுத்தாரா?"

"செங்கல் மேல நின்னு சொன்னாரு."

அவர் எழுதிக்கொண்டிருந்த பேனாவை மூடினார். பிறகு விளக்கினார். வாடகை பாக்கிக்காகக் காலி செய்யச் சொல்கிற வழக்கில் வாடகைக்காரருக்கு ஒரு வழி இருக்கிறதாம். முழு பாக்கி, அதற்கு வட்டி, அவர்கள் கோர்ட் செலவு எல்லாவற்றையும் சேர்த்து விசாரணை நாளில் கொண்டுவந்து வைத்துவிட்டால், நீதிபதி நினைத்தால் கடையை நம்மிடமே விட்டுவிடலாம். ஆனால் அது கஷ்டத்தில் தவறினவர்களுக்குத்தான். எப்போதுமே இழுத்தடிக்கிற ஆள் என்று எதிர்த் தரப்பு காட்டிவிட்டால் அந்தச் சலுகை கிடையாது.

"அதத்தான் அவங்க புடிச்சிருக்காங்க" என்று ஒரு பேப்பரைத் தட்டினார். மழைக்கு முந்தின இரண்டு வருஷத்தில் ஏழு மாதம் நான் வாடகையை நாள் தள்ளிக் கொடுத்தேன் என்று அதில் தேதி தேதியாகப் போட்டிருந்தது. அஞ்சாம் தேதிக்குப் பதில் ஏழாம் தேதி, எட்டாம் தேதி.

"சார், இதெல்லாம் அவரே வாங்கமாட்டேன்னு சொன்ன நாளு. அஷ்டமி, நவமி…"

"ஏம்மா, கோர்ட்ல போயி அஷ்டமி நவமின்னா சிரிப்பாங்க. ரசீது இருக்கா? சாட்சி இருக்கா? இல்லல்ல. விடுங்க. நான் வெள்ளத்தப் பத்திப் பேசறேன், நீங்க பணத்த ரெடி பண்ணுங்க."

பாக்கி எண்பதாயிரம். வட்டி மூவாயிரத்து இருநூறு. செலவு ஆறாயிரம். எண்பத்தொன்பதாயிரத்து இருநூறு ரூபாய் கொண்டுபோக வேண்டும். அவர் வாங்க மறுத்த மாதங்களின் வாடகையைத் தொடாமல் தனியாக எடுத்து வைத்திருந்தேன், அது போகக் கையில் இருபத்தையாயிரத்துச் சொச்சம் இருந்தது. ஒரு ஜோடி வளையலை அடகு வைத்ததில் இருபத்து நாலாயிரம். மீதி நாற்பதாயிரத்தைப் பாய் கொடுத்தார். பெருந்தன்மை என்று நினைத்துவிட வேண்டாம். "நீ நின்னாத்தான் நான் நிப்பேன். உன் கேஸு புட்டுகிச்சின்னா என்னுதும் அதே பேப்பர்தான், பேர மட்டும் மாத்துவாங்கோ" என்று சொல்லித்தான் கொடுத்தார். எனக்கு அந்தப் பேச்சு பிடித்திருந்தது. அடுக்குமாடி வாட்ஸ்அப் குரூப்பில் வந்த இதயப் படங்களைவிடப் பிடித்திருந்தது. அங்கே என் கேஸைப் பற்றி ஒருத்தர் போட, நாற்பது பேர் கைகூப்பினார்கள், "உங்களுடன் இருக்கிறோம் அக்கா" என்றார்கள். அதற்கு அடுத்த மெசேஜ், "நாளைக்கு மாவு உண்டா?"

விசாரணை தேதி வந்தது. காலண்டரைப் பார்த்தேன். வெள்ளிக்கிழமை. அதற்குக் கீழே சின்ன எழுத்தில் அஷ்டமி.

அந்த வாரம் நான் தூங்கினேன் என்று யாராவது சொன்னால் அவர்கள் பொய் சொல்கிறார்கள். ஓனர் வாங்கமாட்டார். வாங்காவிட்டால் கொடுத்ததாக ஆகாது. ஆகாவிட்டால் கடை போச்சு. வக்கீலுக்குப் போன் செய்தேன். "சார், அன்னிக்கு அஷ்டமி…" என்றேன். "பணத்தக் கொண்டாங்கம்மா" என்று வைத்துவிட்டார்.

வீட்டில் இவர், "வெள்ளிக்கெழம எப்புடி பணத்த எடுத்துகினு போறது? வாய்தா கேக்கச் சொல்லு" என்றார்.

"எதச் சொல்லி கேக்கறது? எங்க வீட்ல வெள்ளிக்கிழமைன்னா?"

ஒரு நாள் முழுக்க யோசித்தார். பிறகு முகம் மலர்ந்து வந்தார். வியாழக்கிழமையே விளக்கு வைப்பதற்கு முன்னால் பணத்தை வீட்டைவிட்டு எடுத்துப் பாய் கடையில் வைத்துவிடுவது. வெள்ளிக்கிழமை காலை அங்கிருந்து எடுத்துக்கொண்டு போவது. அப்படிச் செய்தால் பணம் நம் வீட்டிலிருந்து வியாழனே போய்விட்டதாகக் கணக்கு. கடவுளுக்கு இந்த நுணுக்கம் எல்லாம் புரியாது என்று நினைத்தார் போலிருக்கிறது.

பாய் பணத்தை ஒரு தலையணை உறைக்குள் போட்டு வைத்தார். "இன்னா நைனா, எங்கடைலேர்ந்து மட்டும் வெள்ளிக்கெழம காசு வெளிய போலாமா? காலைல சுருக்கா வந்து எடுத்துக்கோ, நான் தொழுகைக்குப் போவணும்" என்றார்.

வெள்ளிக்கிழமை காலை பூந்தமல்லி பஸ்ஸில் அந்தப் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நான் அதைப் பிடித்திருந்த பிடியைப் பார்த்தே உள்ளே பணம் இருக்கிறது என்று எந்தத் திருடனுக்கும் தெரிந்திருக்கும். பதினோரு மணிக்கு மேல் எங்கள் கேஸைக் கூப்பிட்டார்கள். "ராகு காலம்" என்று என் காதில் இவர் முணுமுணுத்தார். நான் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

ஓனருடைய வக்கீல் முதலில் பேசினார். பழக்கமாகவே பாக்கி வைக்கிறவர், வேண்டுமென்றே இழுத்தடிக்கிறவர், என் கட்சிக்காரர் வயதான காலத்தில் வாடகைக்காகப் படியேறி இறங்கி அலைந்தார் என்றெல்லாம் சொன்னார். படியேறினது நான். இறங்கினதும் நான். அவர் மேலேயிருந்து கையை ஆட்டினவர். மருமகன் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டுக்கொண்டிருந்தார், பாட்டுக் கச்சேரி மாதிரி.

என் வக்கீல் வெள்ளத்தைப் பற்றிப் பேசினார். பரவாயில்லை, நன்றாகவே பேசினார். முழுப் பணமும் கொண்டுவந்திருக்கிறோம் என்றார்.

நீதிபதி அம்மா என்னைப் பார்த்தார். "பணம் இருக்காம்மா?"

"இருக்குங்கம்மா." பையை மேசைமேல் வைத்தேன். பை சாய்ந்து கட்டு ஒன்று வெளியே சரிந்தது.

ஓனருடைய வக்கீல் எழுந்தார். "வாங்கிக்கிறதுனால கேஸ விட்டுட்டோம்னு ஆகாதுங்கம்மா."

"ஆகாது. மொதல்ல வாங்கிக்கட்டும், அப்புறம் பேசலாம்." பிறகு ஓனரிடம், "ஐயா, எண்ணிப் பாத்து வாங்கிக்கங்க" என்றார்.

ஓனர் எழுந்தார். இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டார், மருந்தைப் பார்த்த குழந்தை மாதிரி.

"இன்னிக்கு வேணாங்கம்மா."

"ஏன்?"

"இன்னிக்கு அஷ்டமிங்க."

டைப் சத்தம் நின்றது. போச்சு, நான் ஒரு வாரமாகப் பயந்தது நடந்துவிட்டது என்றுதான் நினைத்தேன்.

"அஷ்டமின்னா என்ன?" என்றார் நீதிபதி அம்மா.

"அஷ்டமியில பணம் கை நீட்டி வாங்கறதில்லிங்க. எங்கப்பா காலத்துலேர்ந்து அப்படித்தான். நாளைக்கு நவமி, அதுவும் வேணாம். ஞாயித்துக்கெழம தசமி, ரொம்ப நல்ல நாளு. காலைல வீட்டுக்கே கொண்டாந்து குடுக்கச் சொல்லுங்க."

அவருடைய வக்கீல் அவர் வேட்டி நுனியைப் பிடித்து இழுத்தார். "அம்மா, என் கட்சிக்காரர் வயசானவர்…"

"நான் அவரத்தான் கேக்கறேன். ஐயா, எப்பவுமே இப்படித்தானா? இவங்க வாடகை கொண்டுவந்தாலும்?"

அவர் மார்பை நிமிர்த்தினார். யாராவது தன் ஒழுக்கத்தைப் பற்றிக் கேட்பார்களா என்று எத்தனை வருஷமாகக் காத்திருந்தாரோ. "எப்பவுமேங்க. அஞ்சாந்தேதி அஷ்டமி, நவமி, கரிநாள் வந்துட்டா படியேறவே வேணாம்னு சொல்லிடுவேன். அதுல நான் ரொம்பக் கறாரு."

நீதிபதி அம்மா அந்த ஏழு தேதிப் பேப்பரை எடுத்தார். ஒவ்வொரு மாதமாகக் கேட்டார். நம்புங்கள், அந்த மனிதர் சட்டைப் பையிலிருந்து பஞ்சாங்கத்தையும், அதோடு ரப்பர் பேண்ட் போட்டு வைத்திருந்த பழைய வருஷத்துப் பஞ்சாங்கங்களையும் எடுத்து, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, விரலால் தடவித் தடவிப் பதில் சொன்னார். "அது நவமிங்க." "அது கரிநாளு." "அன்னிக்கு அஷ்டமி, மறுநாள் நவமி, அதனாலதான் ஏழாந்தேதி வாங்குனேன்." அவருடைய வக்கீல் கேஸ் கட்டை மூடிவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். மருமகன் மட்டும், "மாமா… மாமா…" என்று பல்லைக் கடித்தார். மாமா கேட்கவில்லை. மாமா திதி சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆறு தேதி அப்படிப் போனது. ஏழாவது தேதிக்கு அவர் புருவத்தைச் சுருக்கினார். "இது நல்ல நாளுதாங்க. அன்னிக்கு அவங்கதான் வரல."

எனக்குத் தெரியும் அது என்ன நாள் என்று. வாயைத் திறக்காதே என்று இவர் காலை மிதித்தேன். மிதித்தும் திறந்தார்.

"வெள்ளிக்கெழமங்கம்மா. வெள்ளிக்கெழம நாங்க காசு வெளிய குடுக்கறதில்ல."

நீதிபதி அம்மா பேனாவைக் கீழே வைத்தார். "இன்னிக்கும் வெள்ளிக்கிழமைதான?"

"இது நேத்தே வெளிய வந்துடுச்சிங்கம்மா. பாய் கடைக்கு."

டவாலிக்காரர் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார், தோள் மட்டும் குலுங்கியது. தூங்கினவர் இப்போது விழித்துவிட்டார், ஆனால் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று தெரியாமல் பக்கத்து ஆளைக் கேட்டார். இரண்டு ஆண்களும் மட்டும் சிரிக்கவில்லை. அவர்கள் ஒருவரை ஒருவர் மரியாதையோடு பார்த்துக்கொண்டார்கள், ஒரே ஊர்க்காரரைக் கண்ட மாதிரி.

"குடுக்கறவருக்கு வெள்ளி ஆகாது, வாங்கறவருக்கு அஷ்டமி ஆகாது" என்றார் நீதிபதி அம்மா. "கோர்ட்டுக்கு எல்லா நாளும் ஆகும். இங்க கட்டுங்க, இன்னிக்கே."

பிறகு ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல டைப் அடித்தார்கள். என் வக்கீல் காதோடு சொன்னார். அந்த ஏழு தேதியில் ஆறு ஓனரே வாங்காமல் தள்ளினது, மீதி ஒரு நாளை வைத்து என்னை இழுத்தடிக்கிறவள் என்று சொல்ல முடியாது. உண்மையான பாக்கி மழைக்குப் பிறகு வந்த ஐந்து மாதம் மட்டும். அது கஷ்டத்தில் வந்தது. முழுத் தொகையையும் இன்றைக்கே கோர்ட்டில் கட்டினால் காலி செய்யச் சொல்கிற மனு தள்ளுபடி. ஓனர் வாங்காமல் விட்ட மாதத்திலிருந்து சேர்ந்திருக்கிற வாடகையையும் தனியாகக் கொடுத்துவிட வேண்டும். இனிமேல் மாதா மாதம் பாங்க் மூலமாகத்தான். இன்னொரு தடவை தவறினால் இந்தத் தயவு கிடைக்காது.

நான் அழவில்லை. அழுகிற நேரமா அது? பணம் கட்டுகிற கவுண்டர் மூடிவிட்டால்?

"ராகு காலம் பன்னண்டு மணிக்கு முடியுது. அதுக்கப்புறம் கட்டலாமே" என்றார் இவர். அவரை இளநீர்க் கடை நிழலில் நிற்கச் சொல்லிவிட்டு, கிளார்க் எழுதிக் கொடுத்த சலானை எடுத்துக்கொண்டு நானே போய்க் கட்டினேன். ராகு காலத்தில், வெள்ளிக்கிழமையில், அஷ்டமியில். கவுண்டரில் இருந்த பெண் நோட்டை மிஷினில் போட்டு எண்ணி, முத்திரை குத்தி, சீட்டை நீட்டினாள். என் வாழ்க்கையில் வாடகைக்கு நான் வாங்கின முதல் ரசீது அதுதான். பஸ்ஸில் வரும்போது அது பறந்துவிடுமோ என்று அதையும் பிடித்துக்கொண்டே வந்தேன்.

வெளியே என் வக்கீல், "பாத்தீங்களா, அஷ்டமி பாயிண்ட்ட எப்படிக் கொண்டாந்தோம்" என்றார். கொண்டாந்தோமாம். நான் இரண்டு தடவை சொன்னபோது மூன்றாவது வார்த்தையைக்கூடக் கேட்காத மனிதர். பீஸில் கொஞ்சம் குறைப்பார் என்று பேசாமல் இருந்தேன். குறைக்கவில்லை.

தெருவில் வேறு கதை. "கோர்ட்ல ஒன் வாடகைய தள்ளுபடி பண்ட்டாங்களாமே, குடுத்துவெச்சவ" என்கிறார்கள். எண்பத்தொன்பதாயிரத்து இருநூறை எண்ணி வைத்துவிட்டு வந்தவளுக்கு இந்தப் பெயர். வாடகை தள்ளுபடியா, வழக்கு தள்ளுபடியா என்று விளக்கி விளக்கி மாவு பொங்கி வழிந்ததுதான் மிச்சம். நிறுத்திவிட்டேன்.

மருந்துக்கடைக் கம்பெனி சாலைக்கு எதிர்ப்பக்கம் இடம் பிடித்துக்கொண்டது. மருமகன் அந்தப் பக்கம் பார்க்காமல் போகப் பழகிக்கொண்டிருக்கிறார். அடுத்த மாதம் ஐந்தாம் தேதி நவமி. வேண்டுமென்றேதான் காலையிலேயே பாங்க் மூலம் அனுப்பினேன். மாடியில் செல்போன் மணி அடித்தது. ஓனர் படிக்கட்டுக்கு வந்து, போனைத் தூர வைத்துப் பார்த்தார், கிட்டே வைத்துப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பையில் போட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டார். அப்பா காலத்திலிருந்து வந்த வழக்கம் அன்றைக்குப் பணத்தைத் திருப்பி அனுப்பவில்லை.

வெள்ளிக்கிழமையிலும் வாடகை போகிறது. "கைப் படலையே, அதனால பரவால்ல" என்று என் கணவர் அதற்கும் ஒரு சட்டம் போட்டுவிட்டார். ஆனால் பாயின் கடனுக்கு மட்டும் இன்னும் நாள் பார்க்கிறார். செவ்வாய் வேண்டாம், வெள்ளி வேண்டாம்.

"எனக்குன்னா, பாங்க்ல போடாம கைல குடுக்கறதுனால நாளு பாக்கறியா மாமே?" என்று பாய் மெத்தையை அடித்துக்கொண்டே கேட்கிறார். "உன் ஓனர் கிட்ட கத்துகினியா?"

அதனால் இப்போதெல்லாம் நானே, தோன்றின நாளில், கல்லாவிலிருந்து எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வருகிறேன். இதுவரை இருபத்தோராயிரம் போய்ச் சேர்ந்திருக்கிறது. பாய்க்கு இன்னும் தர வேண்டியது பத்தொன்பதாயிரம் ரூபாய்.